பட்டம் வாங்கியாச்சு... சர்டிபிகேட் எங்கே? டாக்டர்களை கோர்ட்டு படி ஏற வைக்கும் 'பாண்டு'

பாரிமுனை ஐகோர்ட்டு வராந்தாவில், கறுப்பு கோட்டுகளுக்கு நடுவே, சில வருடங்களாக ஒரு புது வகை கட்சிக்காரரைப் பார்க்க முடிகிறது.

வயது 28, 29 இருக்கும். கையில் ஒரு பிளாஸ்டிக் பைல். அதற்குள் கத்தையாக காகிதம். எல்லாம் ஜெராக்ஸ்!

ஒரிஜினல் எங்கே? அவர் படித்த அரசு மருத்துவக் கல்லூரி பீரோவில்!

ஆம், அவர் டாக்டர். எம்.பி.பி.எஸ். முடித்து, அதற்கு மேல் எம்.டி.யோ எம்.எஸ்.ஸோ முடித்தவர். சொத்துத் தகராறு இல்லை, விவாகரத்து இல்லை, போலீஸ் கேஸ் இல்லை. "என் சர்டிபிகேட்டை என்னிடம் கொடுக்கச் சொல்லுங்கள்" என்று அரசாங்கத்தின் மீது வழக்குப் போட வந்திருக்கிறார்.

"எழுதிக் கொடுத்தபடி வேலை பார். பிறகு வாங்கிக்கொண்டு போ" என்கிறது அரசாங்கம்.

இரண்டு பேர் சொல்வதிலும் நியாயம் இருக்கிறது. அதனால்தான் இந்த வழக்கு தீரவே மாட்டேன் என்கிறது!

அது என்ன பாண்டு?

தமிழ்நாட்டில் அரசு மருத்துவக் கல்லூரியில் மேல்படிப்புக்கு இடம் கிடைத்தால், சேரும் அன்றே ஒரு பத்திரத்தில் கையெழுத்துப் போடவேண்டும். டாக்டர்கள் பாஷையில் 'பாண்டு'.

"படித்து முடித்ததும் அரசு சொல்லும் ஆஸ்பத்திரியில் இரண்டு வருடம் வேலை பார்ப்பேன். தவறினால் பணம் கட்டுவேன்." பத்திரத்தின் சாரம் இவ்வளவுதான்.

எவ்வளவு பணம்? டிப்ளமோ என்றால் ரூ.20 லட்சம். எம்.டி., எம்.எஸ். என்றால் ரூ.40 லட்சம். அதற்கும் மேலே இதயம், மூளை, சிறுநீரகம் என்று சிறப்புப் படிப்புக்குப் போனால் ரூ.50 லட்சம். வழக்குகள் மலைபோல் குவிந்த காலத்தில் இருந்த தொகை இது. 2023-ம் ஆண்டு அக்டோபரில் தமிழக அரசு ஓர் உத்தரவு போட்டு, இரண்டு வருடத்தை ஒரு வருடமாகக் குறைத்தது. ஆனால் பழைய பத்திரத்தில் கையெழுத்துப் போட்டவர்களின் தகராறு அதோடு நின்றுவிடவில்லை.

இது வெளியில் இருந்து வந்து படிப்பவர்களுக்கு. ஏற்கனவே அரசு வேலையில் இருந்துகொண்டு மேல்படிப்புக்குப் போகும் டாக்டர்கள் கதையே வேறு. அவர்கள் ரிட்டயர் ஆகும் வரை அரசு வேலையிலேயே இருப்பதாக எழுதிக் கொடுக்கிறார்கள். அதற்குப் பதிலாக அவர்களுக்குத் தனி ஒதுக்கீடு உண்டு. அப்படி ஒதுக்கீடு கொடுக்க மாநிலத்துக்கு அதிகாரம் உண்டு என்று 2020 ஆகஸ்டு 31-ந் தேதி சுப்ரீம் கோர்ட்டின் 5 நீதிபதிகள் கொண்ட அரசியல் சாசன பெஞ்சு தீர்ப்புச் சொன்னது. அந்தக் கதை இன்னொரு நாளைக்கு.

கையெழுத்துப் போடும் அன்று...

கவுன்சிலிங் முடிந்து இடம் கிடைத்த சந்தோஷம். வீட்டில் பாயசம். அடுத்த நாளே பத்திரத்துக்கு ஓட்டம்.

பாண்டுக்கு ஜாமீன் கையெழுத்தும் வேண்டும். அப்பாவுக்குப் போன் பறக்கிறது. அப்பா தம்பிக்குப் போன் போடுகிறார்.

"டேய், பையனுக்கு எம்.டி. சீட்டு கிடைச்சிருக்கு. நீ ஒரு கையெழுத்துப் போடணும்."

"அதுக்கென்னண்ணே, போட்டாப் போச்சு. எவ்வளவுக்கு?"

"நாற்பது லட்சம்."

சித்தப்பா கொஞ்ச நேரம் பேசமாட்டார். பிறகு போடுவார். குடும்பத்தில் முதல் டாக்டர் பெரிய டாக்டர் ஆகப் போகிறான் அல்லவா!

பத்திரத்தை யாரும் முழுசாகப் படிப்பதில்லை. சீட்டு போய்விடுமோ என்ற பயம். கடைசி நாள், கடைசி மணி நேரம். "எங்கே போடணும்? இங்கேயா?" அவ்வளவுதான். மூன்று வருடம் கழித்துத்தான் அந்தக் காகிதத்தில் இருந்த ஒவ்வொரு வரியும் கண்ணைக் குத்தும்.

வயதுக் கணக்கையும் பாருங்கள். பதினேழு, பதினெட்டில் எம்.பி.பி.எஸ். சேர்ந்தால், பயிற்சி வருடத்தையும் சேர்த்து ஐந்தரை வருடம். மேல்படிப்பு நுழைவுத் தேர்வுக்கு ஒன்றோ இரண்டோ வருடம். மேல்படிப்பு மூன்று வருடம். அதற்கப்புறம் பழைய பாண்டுப்படி இரண்டு வருடம். கூட்டினால் முப்பது! கூடப் படித்த என்ஜினீயர் அதற்குள் வீடு கட்டி, குழந்தையைப் பள்ளிக்கூடத்தில் சேர்த்திருப்பார்.

அரசு என்ன சொல்கிறது?

அரசுக்கு ஒரு கணக்கு இருக்கிறது. அதை லேசில் தள்ளிவிட முடியாது.

அரசுக் கல்லூரியில் ஒரு மாணவர் கட்டும் பீஸ் வருடத்துக்கு ஆயிரக் கணக்கில்தான். தனியார் கல்லூரியில் அதே இடத்துக்கு லட்சக் கணக்கில். நடுவில் இருக்கும் வித்தியாசம் வானத்தில் இருந்து கொட்டவில்லை. வரி கட்டுகிறவன் பணம். உப்பும் சோப்பும் வாங்குகிறவன் பணம். மேல்படிப்பு படிக்கும்போது மாதாமாதம் உதவித்தொகையும் அரசே கொடுக்கிறது.

இன்னொன்றும் உண்டு. சென்ட்ரல் ஸ்டேஷனுக்கு எதிரே பெரியாஸ்பத்திரி, வண்ணாரப்பேட்டையில் ஸ்டான்லி, கீழ்ப்பாக்கம்... இங்கெல்லாம் டாக்டர் கைத்தொழில் கற்றுக்கொள்வது யாரிடம்? வார்டில் படுத்திருக்கும் ஏழை நோயாளியிடம்! முதல் ஊசி, முதல் தையல், முதல் ஆபரேஷன் எல்லாம் அவர்கள் உடம்பில்தான். அந்தக் கடனை எந்தப் பத்திரத்திலும் எழுதவில்லை.

சென்னையில் இருப்பவர்களுக்கு பாண்டின் அவசியம் சட்டென்று புரியாது. வெளியூர் தாலுகா ஆஸ்பத்திரி ஒன்றை ராத்திரி பதினொரு மணிக்கு நினைத்துப் பாருங்கள்.

பிரசவ வலியோடு ஒரு பெண். குழந்தை குறுக்கே கிடக்கிறது. ஆபரேஷன் செய்தே ஆகவேண்டும். தியேட்டர் இருக்கிறது. விளக்கு எரிகிறது. நர்ஸ் இருக்கிறார். ஆனால் மயக்க மருந்து கொடுக்கும் டாக்டர் இல்லை! வெளியில் இருந்து கேஸுக்கு இவ்வளவு என்று கூப்பிடலாம். அவர் வேறு ஊரில் இருக்கிறார்.

"ஜி.எச்.சுக்குக் கொண்டு போயிடுங்கம்மா" என்கிறார்கள். 108 வண்டி வருகிறது. நாற்பது, ஐம்பது கிலோ மீட்டர். வழியில் என்ன ஆகும் என்பதை அந்தப் பெண்ணின் அம்மாவைத்தான் கேட்கவேண்டும்.

அந்த மயக்க மருந்து டாக்டரை அங்கே உட்கார வைக்கத்தான் பாண்டு!

டெல்லியில் விழுந்த முடிச்சு

"இது கொத்தடிமைத்தனம்!" என்று டாக்டர்கள் சுப்ரீம் கோர்ட்டுக்குப் போனார்கள். ஒரு மாநிலம் இல்லை, பல மாநிலத்து டாக்டர்கள். வெவ்வேறு மாநிலங்களின் பாண்டுகள் ஒரே வழக்கில் அலசப்பட்டன.

முன்னணியில் நின்றது மேற்கு வங்காளம். அங்கே 2013-ல் ஒரு வருட சேவை, தவறினால் ரூ.10 லட்சம் என்று ஆரம்பித்தார்கள். மறு வருடமே அது மூன்று வருடமாகவும் ரூ.30 லட்சமாகவும் வளர்ந்துவிட்டது. கல்கத்தா ஐகோர்ட்டில் நடந்த சண்டை டெல்லி வரை போனது.

டாக்டர்கள் தரப்பு வக்கீல்கள் சட்டப் புத்தகத்தையே புரட்டிப் போட்டார்கள். விரும்பிய தொழில் செய்ய உரிமை இருக்கிறதே, அது என்ன ஆச்சு? கட்டாய வேலை கூடாது என்று அரசியல் சாசனத்தின் 23-வது பிரிவு சொல்கிறதே? ஒருவன் தொழிலைத் தடுக்கும் ஒப்பந்தம் செல்லாது என்று ஒப்பந்தச் சட்டத்தின் 27-வது பிரிவு சொல்கிறதே?

2019 ஆகஸ்டு 19-ந் தேதி தீர்ப்பு வந்தது. நீதிபதிகள் எல்.நாகேஸ்வர ராவ், ஹேமந்த் குப்தா.

பாண்டு செல்லும்!

நிபந்தனை இருப்பது தெரிந்துதான் சேர்ந்தீர்கள். குறைந்த செலவில் படித்தீர்கள். உதவித்தொகை வாங்கினீர்கள். படித்து முடித்த பிறகு நிபந்தனை பிடிக்கவில்லை என்றால் எப்படி? மக்களுக்கு வைத்திய வசதி செய்து கொடுப்பது அரசின் கடமை. அதற்காக வைத்த நிபந்தனை உரிமையைப் பறிப்பது ஆகாது, கட்டாய வேலையும் ஆகாது என்பது தீர்ப்பின் சாரம்.

ஆனால் அதே தீர்ப்பில் இன்னொரு விஷயமும் இருந்தது. மாநிலத்துக்கு மாநிலம் பாண்டு ஒரு தினுசாக இருக்கிறது; மத்திய அரசும் மருத்துவக் கவுன்சிலும் சேர்ந்து நாடு முழுவதும் ஒரே மாதிரி கொள்கை கொண்டுவர முயற்சி எடுக்கலாம் என்று கோர்ட்டு யோசனை சொன்னது.

யோசனை என்ன ஆயிற்று என்பதைக் கடைசியில் பார்ப்போம்.

அப்படியானால் கேஸ் முடிந்ததா?

அதுதான் இல்லை! 'பாண்டு செல்லுமா' என்ற கேள்வி முடிந்தது. 'பாண்டு போட்டவர்களை அரசு என்ன செய்தது' என்ற கேள்வி அப்போதுதான் ஆரம்பமானது.

டாக்டர் படித்து முடிக்கிறார். ரிசல்ட் வருகிறது. "வேலைக்கு வரத் தயார்" என்கிறார். "கொஞ்சம் பொறுங்கள்" என்கிறது அரசு.

ஒரு மாதம் ஆகிறது. மூன்று மாதம் ஆகிறது. காலி இடம் எங்கே, எந்த ஊருக்கு யார் என்று முடிவாகவில்லை. கீழ்ப்பாக்கத்தில் இருக்கும் மருத்துவக் கல்வி இயக்குனர் அலுவலகத்துக்கும் படித்த கல்லூரிக்கும் நடையாய் நடக்கிறார். இங்கே கேட்டால் அங்கே, அங்கே கேட்டால் இங்கே.

தனியார் ஆஸ்பத்திரிக்குப் போகலாம் என்றால் ஒரிஜினல் கேட்கிறார்கள். வேறு மாநிலத்தில் சிறப்புப் படிப்புக்கு இடம் கிடைத்தால் அங்கேயும் ஒரிஜினல் கேட்கிறார்கள். ஒரிஜினலோ பீரோவில்!

வேலையும் இல்லை, சம்பளமும் இல்லை, சர்டிபிகேட்டும் இல்லை. கல்யாணத்துக்குப் பெண் பார்க்கப் போனால், "மாப்பிள்ளை எங்கே வேலை?" என்ற கேள்விக்குப் பதிலும் இல்லை!

இந்த இடத்தில்தான் பாண்டின் கோணல் தெரிகிறது. டாக்டர் வராவிட்டால் ரூ.40 லட்சம் கட்டவேண்டும். அரசு கூப்பிடாவிட்டால் எவ்வளவு கட்டும்? பத்திரத்தில் அந்தப் பக்கம் வெறும் காகிதம்!

ஐகோர்ட்டுக்கு வந்த வழக்குகளில் பல இந்த ரகம்தான். "படிப்பு முடிந்து இரண்டு வருடத்துக்குள் என்னைக் கூப்பிடவே இல்லை. பாண்டு காலமே முடிந்துவிட்டது" என்று மனு. நாள், தேதியைக் கணக்குப் பார்த்து, அரசு உரிய காலத்தில் வேலை கொடுக்காதபோது சர்டிபிகேட்டைத் திருப்பிக் கொடுக்கச் சொல்லி ஐகோர்ட்டு உத்தரவிட்ட வழக்குகள் உண்டு. ஆனால் அரசு ஊரும் தேதியும் போட்டு உத்தரவு அனுப்பியும் போகாமல் இருந்தவர்களுக்கு இந்த வாதம் கைகொடுப்பது கஷ்டம். 'நான் எழுதிக் கொடுத்தது உண்மை, ஆனால் அந்த ஊர் தூரம்' என்பதை எந்த நீதிபதி ஏற்பார்?

சர்டிபிகேட் அடகுச் சரக்கா?

இன்னொரு சுவையான சட்டப் பிரச்சினை. கடன் பாக்கி இருந்தால் சில சரக்கைப் பிடித்து வைத்துக்கொள்ள ஒப்பந்தச் சட்டத்தின் 171-வது பிரிவு இடம் கொடுக்கிறது. பாங்கிக்காரர், சரக்கு இறக்கும் துறைமுகக்காரர் முதலானவர்களுக்கு அந்த உரிமை.

படிப்புச் சர்டிபிகேட்டை அப்படிப் பிடித்து வைக்கலாமா?

விற்க முடியுமா அதை? ஏலம் போடத்தான் முடியுமா? ஒருவர் வாங்கிய எம்.டி. பட்டத்தை இன்னொருவர் வாங்கி என்ன செய்வார்? அது சந்தைச் சரக்கு இல்லை, அதைப் பிடித்து வைக்கும் உரிமை இந்தப் பிரிவில் வராது என்று சென்னை ஐகோர்ட்டு தீர்ப்புகளிலேயே வந்திருக்கிறது. பாண்டு பணம் வரவேண்டுமா, அதற்கு வழக்குப் போட்டு வசூல் செய். காகிதத்தைக் கொடு என்பது டாக்டர் தரப்பு வக்கீல்கள் வாதம்.

அரசு அதிகாரிகள் தரப்பில் இதற்கும் பதில் இருக்கிறது. சர்டிபிகேட்டைக் கொடுத்துவிட்டால் ஆள் மறுநாளே விமானம் ஏறிவிடுவார், யாரைத் தேடிப் பிடிப்பது என்பார்கள். சித்தப்பா மேல் கேஸ் போடலாம். போட்டு முடிப்பதற்குள் சித்தப்பாவுக்கே ஆஸ்பத்திரி தேவைப்படும்!

கொரோனா வார்டு கணக்கு

2020-ல் கொரோனா வந்தது. ஊரே கதவைச் சாத்திக்கொண்டு உள்ளே இருந்தபோது, மேல்படிப்பு டாக்டர்கள் உடம்பு முழுக்கப் பாதுகாப்பு உடை மாட்டிக்கொண்டு, தண்ணீர் கூடக் குடிக்க முடியாமல் வார்டில் நின்றார்கள். சிலர் படிப்பு முடிந்தும் வீட்டுக்குப் போகாமல் அங்கேயே தொடர்ந்தார்கள்.

பிறகு பாண்டு வேலைக்குக் கூப்பிட்டபோது, "அந்த வேலையைக் கழித்துக்கொள்ளுங்கள்" என்றார்கள். எந்தத் தேதி முதல் எந்தத் தேதி வரை? படிக்கும்போது பார்த்த வேலை சேருமா, முடித்த பின் பார்த்தது மட்டும்தானா? இதற்கும் ஐகோர்ட்டு! அரசு உத்தரவும் போட்டது, கோர்ட்டும் டாக்டர்களுக்குச் சாதகமாகத் தீர்ப்புகள் கொடுத்தது. கை தட்டி விளக்கேற்றிப் பாராட்டியவர்களிடமே நாள் கணக்குக்கு வக்கீல் வைக்க வேண்டி வந்தது கொஞ்சம் சங்கடமான விஷயம்தான்.

பணம் இருந்தால் விடுதலை!

இந்த நிருபருக்கு நெருடும் விஷயம் ஒன்று உண்டு.

பாண்டு தொகையைக் கட்டினால் வேலை பார்க்க வேண்டியதில்லை. வசதி உள்ள வீட்டுப் பிள்ளைக்கு ரூ.40 லட்சம் ஒரு செக்கு. அப்பா கிழித்துக் கொடுத்துவிடுவார். தனியார் கல்லூரியில் ஒரு வருடப் படிப்புச் செலவோடு ஒப்பிட்டால் லாபம் என்று கூட நினைப்பார்.

வாத்தியார் மகளுக்கும், கூலித் தொழிலாளி மகனுக்கும்? அவர்களுக்கு அது ஆயுள் சம்பாத்தியம். அவர்கள்தான் போவார்கள், சொன்ன ஊருக்கு.

செக்கு கஜானாவுக்குப் போகும். தாலுகா ஆஸ்பத்திரியில் ராத்திரி பதினொரு மணிக்கு மயக்க மருந்து கொடுக்க அந்தச் செக்கு வராது!

வடக்கே நடந்த ரகளை

பாண்டு தகராறு மேல்படிப்போடு நிற்கவில்லை. அரியானாவில் எம்.பி.பி.எஸ். பிள்ளைகளுக்கே ஏழு வருட சேவை, ஏறத்தாழ ரூ.40 லட்சம் என்று பாண்டு போட்டார்கள். 2022 நவம்பரில் ரோத்தக் மருத்துவக் கல்லூரி மாணவர்கள் கொதித்து எழுந்தார்கள். இரவு பகலாகப் போராட்டம், உண்ணாவிரதம். அந்த மாதக் கடைசியில் முதல்-மந்திரி மனோகர் லால் கட்டார் இறங்கி வந்தார். ஏழு வருடம் ஐந்தானது. நாற்பது லட்சம் முப்பதானது.

கர்நாடகம் பத்திரத்தை மட்டும் நம்பாமல் 2012-லேயே சட்டம் போட்டது. தனியார் பல்கலைக்கழகத்தில் படித்தவர்களும் கிராம சேவைக்கு வரவேண்டுமா என்று அங்கே ஒரு தனிச் சண்டை. 2024-ல் அதுவும் சுப்ரீம் கோர்ட்டுக்குப் போனது.

சுப்ரீம் கோர்ட்டு சொன்ன 'ஒரே கொள்கை' என்ன ஆயிற்று? மத்திய சுகாதார அமைச்சகம் 2019-ல் கமிட்டி போட்டது. கமிட்டி 2020 மே மாதம் அறிக்கை கொடுத்தது. அறிக்கை தேசிய மருத்துவ ஆணையத்துக்குப் போனது. 2021 பிப்ரவரியில் ஆணையம் பதில் அனுப்பியது. என்ன பதில் தெரியுமா? மாணவர்கள் தலையில் பாண்டு சுமையே இல்லாமல் இருப்பது நல்லது என்று!

ஒரு பக்கம் 'செல்லும்' என்ற தீர்ப்பு. இன்னொரு பக்கம் 'வேண்டாம்' என்ற ஆணையம். நடுவில் மாநிலங்கள் அவரவர் பத்திரத்தை அவரவர் அச்சடித்துக்கொண்டிருக்கின்றன.

கையெழுத்துப் போடும் முன்...

அடுத்து கையெழுத்துப் போடப் போகும் பிள்ளைகளுக்கு, இந்த வழக்குகளைப் பார்த்ததில் தெரிந்த ஒன்றிரண்டு விஷயம்.

போடுகிற பத்திரத்துக்கு ஒரு நகல் எடுத்துக் கையோடு வைத்துக்கொள்ளுங்கள். கோர்ட்டுக்கு வருகிறவர்கள் "காப்பி இல்லை சார்" என்று சொன்னால் வக்கீல் தலையில் அடித்துக்கொள்வார்.

படிப்பு முடிந்த தேதியைக் கல்லூரியில் எழுத்தில் வாங்குங்கள். முடிந்த வாரமே, "நான் வேலைக்குத் தயார், எங்கே வரவேண்டும்?" என்று ஒரு கடிதம். சாதாரணத் தபாலில் வேண்டாம், ஸ்பீடு போஸ்ட், ஒப்புகைச் சீட்டோடு. ஒரு மாதம் பதில் இல்லையா, இன்னொன்று.

அந்த ஒப்புகைச் சீட்டுக்குச் செலவு சில ரூபாய்தான். இரண்டு வருடம் கழித்து நீதிபதி, "நீங்கள் எப்போது வேலை கேட்டீர்கள்?" என்று கேட்கும்போது, வராந்தாவில் நிற்கும் டாக்டரின் பைலில் ஜெராக்ஸ் இல்லாத ஒரே ஒரிஜினல் அதுவாகத்தான் இருக்கும்.